கொழுந்து தேடும் பூஞ்சை

மழைக்காலத்தில் தேயிலைக் கொழுந்து ஒன்றைக் கிள்ளி வெளிச்சத்துக்கு நேரே பிடித்துப் பாருங்கள். சில இலைகளில் எண்ணெய் பட்ட காகிதம் போல ஒளி ஊடுருவும் சிறிய வட்டப் பொட்டு ஒன்று தெரியும். கூடையில் விழும் ஆயிரக்கணக்கான இலைகளுக்கு நடுவே இதை யாரும் கவனிப்பதில்லை. ஆனால் செடியிலேயே விட்டுவைத்தால் பொட்டு நாளுக்கு நாள் பெரிதாகும். வெளிர்பச்சையாகவோ மஞ்சளாகவோ, சில சமயம் இளஞ்சிவப்பாகவோ நிறம் மாறும். இலையின் மேற்பக்கம் அந்த இடத்தில் குழியும். அடிப்பக்கம் அதே அளவுக்குப் புடைத்துக் கொப்புளமாக நிற்கும். பிறகு கொப்புளத்தின் மேல் சாம்பல் பூத்து, அது பால் வெள்ளையாகும். அடுத்த சில நாட்களில் எல்லாம் பழுப்பாகிக் காய்ந்து, இலையில் ஓட்டை விழும். இளம் தண்டிலும் இது வருவதுண்டு. அப்போது கொழுந்து அந்த இடத்தில் வளைந்து, ஒடிந்து தொங்கிவிடும்.

இதுதான் தேயிலையின் கொப்புள நோய். காரணம் ‘எக்சோபசிடியம் வெக்சான்ஸ்’ என்னும் பூஞ்சை. தொற்றியதிலிருந்து வெள்ளைக் கொப்புளம் வரைக்கும் ஏறத்தாழ மூன்று வாரம். வானிலை ஒத்துழைத்தால் அதற்கும் முன்பே முடிந்துவிடும்.

தாவரங்களைத் தாக்கும் பூஞ்சைகளில் பல முரடுகள். இலையைக் கொன்று, அழுகவைத்து, அழுகியதைத் தின்று வாழ்பவை. தேயிலையிலேயே அப்படி ஒன்று உண்டு. சாம்பல் கருகல் என்னும் நோயைத் தரும் பூஞ்சை, கத்தரியோ இயந்திரமோ வெட்டிய காயத்தின் வழியாக நுழைந்து செத்த திசுவிலும் சுகமாகக் குடியிருக்கும். கொப்புளப் பூஞ்சை அந்த ரகமல்ல. அதற்கு உயிருள்ள இலை வேண்டும். இலை செத்தால் அதுவும் செத்துப்போகும். எனவே செல்களின் இடுக்குகளில் இழையோடி, கொல்லாமல், அவற்றிலிருந்து உணவை உறிஞ்சுகிறது. தாக்கப்பட்ட இடத்தில் செல்கள் அளவுக்கு மீறிப் பருக்கின்றன. நாம் கொப்புளம் என்று சொல்வது முழுக்க முழுக்கத் தேயிலையின் சதைதான். அதைப் பருக்கவைத்தது மட்டும் பூஞ்சையின் வேலை.

வகைப்பாட்டில் இது காளானுக்குத் தூரத்து உறவு. சோளக்கதிரைக் கரும்பொடியாக்கும் கரிப்பூட்டை நோய்ப் பூஞ்சைக்கு இன்னும் நெருங்கிய உறவு. காளான் என்றதும் நம் நினைவுக்கு வரும் குடை எதற்கு இருக்கிறது? அதன் அடிப்பக்கத் தகடுகளில் வித்துகளை உண்டாக்கிக் காற்றில் விடுவதற்கு. கொப்புளப் பூஞ்சை குடை கட்டும் செலவையே வைத்துக்கொள்ளவில்லை. இலையின் அடிப்புறத் தோலைக் கிழித்துக்கொண்டு அதன் இழைகள் கூட்டங்கூட்டமாக வெளியே வந்து நிற்கின்றன. ஒவ்வொரு நுனியிலும் வித்துகள் முளைக்கின்றன. தேயிலை இலையையே அது குடையாக்கிக்கொண்டது. கொப்புளம் அடிப்பக்கமாகப் புடைப்பதற்கு இப்போது பொருள் புரிகிறது: கீழே தொங்கும் பரப்பிலிருந்து விழும் வித்து, தடையில்லாமல் காற்றுக்குப் போய்ச் சேரும். வெல்வெட் போலத் தெரியும் அந்த வெள்ளை, வித்து தாங்கிகளின் அடர்ந்த காடு.

விழும் என்று சொன்னது சரியல்ல, எறியப்படுகிறது. காளான் இனத்தின் வித்துகள் தாங்கியிலிருந்து தெறித்துப் போகும் விதம் தாவரவியலின் அழகான கணக்குகளில் ஒன்று. கனடாவின் வின்னிபெக் நகரில் இருந்த புல்லர் என்ற ஆய்வாளர் சென்ற நூற்றாண்டின் தொடக்கத்தில் இதை உருப்பெருக்கியின் கீழ் பொறுமையாகப் பார்த்துக்கொண்டிருந்தார். வித்து கிளம்புவதற்குச் சற்று முன், அதன் அடியில் ஒரு மிகச் சிறிய நீர்த்துளி திரள்கிறது. துளி பெரிதாகி, வித்தின் பக்கவாட்டில் படிந்திருக்கும் ஈரப்படலத்தைத் தொட்ட கணத்தில் இரண்டும் ஒன்றாகப் பாய்ந்து கலக்கின்றன. அந்தப் பாய்ச்சலின் உதைப்பில் வித்து கிளம்பிவிடுகிறது. விநாடிக்கு ஒரு லட்சம் படம் எடுக்கும் கேமராக்கள் வந்த பிறகுதான் இது முழுமையாகத் தெளிவானது. புவியீர்ப்பைப் போல ஆயிரக்கணக்கான மடங்கு முடுக்கம். கடக்கும் தூரமோ ஒரு மில்லிமீட்டர்கூட இல்லை. இலையைச் சுற்றி அசைவற்று நிற்கும் மெல்லிய காற்றுப் படலத்தைத் தாண்டினால் போதும், மீதியை மலைக்காற்று பார்த்துக்கொள்ளும். துளி திரள ஈரக்காற்று வேண்டும் என்பதைக் குறித்துக்கொள்ளுங்கள். மூடுபனி நாட்களில் இந்த நோய் ஏன் பெருகுகிறது என்பதற்கு முதல் காரணம் இங்கேயே இருக்கிறது.

ஒரு கொப்புளம் ஒரு நாளில் பத்து லட்சம் அளவுக்கு வித்துகளை வெளியிடும். ஒரு மில்லிமீட்டர் நீளத்தில் ஐம்பது வித்துகளை வரிசையாக நிறுத்தலாம், அவ்வளவு சிறியவை. எண்ணிக்கையைக் கேட்டால் பயமாகத்தான் இருக்கும். ஆனால் அந்தப் பத்து லட்சத்தில் பிழைப்பவை மிகச் சில. தடித்த தோலோ, காத்துக் கிடக்கும் சேமிப்போ இவற்றுக்கு இல்லை. நேரடி வெயிலில் விரைவில் செத்துவிடும். உலர்ந்த காற்றும் ஆகாது. தேயிலை இலையின் மேல் இறங்கினாலும் அங்கே தண்ணீர் இருக்க வேண்டும். சிறிது நேரமல்ல, பத்து மணி நேரத்துக்கும் மேலாக இலை நனைந்தபடியே இருந்தால்தான் வித்து முளைவிட்டு, இலைத்தோலில் ஒட்டிப்பிடித்து, உள்ளே துளைத்துப் போக முடியும். நடுவில் ஒரு நல்ல வெயில் வந்தால் எல்லாம் முடிந்தது. ஓய்வுக்காலம் கழிக்கத் தனி வித்து கிடையாது. வெயில் பருவத்தில் தங்கிக்கொள்ள வேறு செடியும் இதுவரை கண்டறியப்படவில்லை. கோடையில் நிழலும் ஈரமும் உள்ள மூலைகளில் எங்கோ ஒன்றிரண்டு கொப்புளங்களாக உயிரைப் பிடித்துக்கொண்டு, மழைக்குக் காத்திருக்கிறது.

எல்லாவற்றையும் விடக் கடுமையான நிபந்தனை இன்னொன்று. இலை இளசாக இருக்க வேண்டும். நுனியிலிருந்து மூன்றாவது, நான்காவது இலை வரைக்கும்தான் அதன் ஆட்சி. விரிந்து ஒரு மாதம் ஆன இலையின் தோல் தடித்துவிடும். வித்து முளைத்தாலும் உள்ளே போக வழி கிடையாது.

அப்படியானால் இவ்வளவு பலவீனமான, வெயிலுக்கு அஞ்சும், முற்றிய இலையைத் தொடவே முடியாத ஓர் உயிர், எப்படி ஒரு தொழிலையே நடுங்கவைத்தது? விடை பூஞ்சையிடம் இல்லை. நம் தேநீர்க் கோப்பையில் இருக்கிறது.

தேயிலை இயல்பில் மரம். வெட்டாமல் விட்டால் பல மீட்டர் வளரும். அசாம் வகை இன்னும் உயரம் போகும். அந்த மரத்தில் பெரும்பகுதி முற்றிய இலைதான். ஆண்டில் சில முறை தளிர் விடும், தளிர் முற்றும், பூக்கும், காய்க்கும். கொப்புளப் பூஞ்சைக்கு அங்கே கிடைப்பது சில வாரத் தளிர் மட்டும். தோட்டத்தில் நாம் செய்வது வேறு. மரத்தை இடுப்பளவு புதராக்குகிறோம். தளிர் நீண்டதும் இரண்டு இலையும் ஒரு மொட்டுமாகக் கிள்ளுகிறோம். கிள்ளிய இடத்தின் கீழிருக்கும் கணு உடனே புதிதாகத் துளிர்க்கிறது. ஏழு, எட்டு, பத்து நாளில் மீண்டும் கை வருகிறது. மட்டக்கம்பு வைத்துச் சமன் பார்த்து, மேலே நீண்டதையெல்லாம் எடுத்துவிடுவதால் மலை முழுக்க ஒரே மட்டத்தில், ஒரே வயதில், கோடிக்கணக்கான இளந்தளிர்கள் ஆண்டு முழுவதும் அடுக்கிவைக்கப்படுகின்றன. செடி முதுமை அடையவே கூடாது என்பதுதான் தேயிலை வேளாண்மையின் அடிப்படை. பறிக்கும் விரலும் பூஞ்சையின் வித்தும் தேடுவது ஒரே பொருளை: கொழுந்தை. அதிலும் அதே நுனி இலைகளை.

எனவே இதை வெறும் செடி நோய் என்று சொல்ல எனக்கு மனம் வருவதில்லை. நமக்கும் அதற்கும் நடக்கும் பங்காளிச் சண்டை என்பதே பொருத்தம். சொத்தைப் பெருக்கிவைத்தது நாம்.

இந்தச் சண்டை பதிவான முதல் இடம் அசாம். 1868-ல் சாமுவேல் பீல் என்ற தோட்டக்காரர் அங்கே இதைக் கண்டு எழுதினார். பூஞ்சைக்கு அறிவியல் பெயர் வைத்தது முப்பது ஆண்டுகள் கழித்து, 1898-ல், லண்டன் கியூ தாவரவியல் தோட்டத்தில் இருந்த ஜார்ஜ் மாசி. டார்ஜிலிங்குக்கு அது 1908-ல் போனது. ஜப்பானிலும் தைவானிலும் இருந்தது. ஆனால் தென்னிந்தியாவும் இலங்கையும் நீண்டகாலம் தப்பித்தன. அசாமுக்கும் ஆனைமலைக்கும் இடையே இரண்டாயிரம் கிலோமீட்டருக்கும் மேலான வெயில்காடு. வெயிலில் விரைவில் சாகும் வித்துக்கு அது கடக்க முடியாத பாலை.

1946-ல் கடந்துவிட்டது. அந்த ஆண்டில் தென்னிந்தியத் தோட்டங்களிலும் இலங்கை மலையகத்திலும் கொப்புளங்கள் ஏறக்குறைய ஒரே சமயத்தில் தென்பட்டன. எப்படி வந்தது என்பதற்குச் சாட்சி கிடையாது. மேகமூட்டமான பருவக்காற்று, வித்தை வெயில் படாமல் சுமந்து வந்திருக்கலாம். உலகப்போர் அப்போதுதான் முடிந்திருந்தது. அசாமுக்கும் தெற்குக்கும் இடையே முன்பு இல்லாத அளவுக்கு ஆட்களும் விமானங்களும் போய்வந்த காலம் அது. சட்டையிலோ சாமானிலோ ஒட்டிக்கொண்டும் வந்திருக்கலாம். அதற்கடுத்த நான்கைந்து ஆண்டுகளுக்குள் சுமத்ரா, ஜாவா என்று தென்கிழக்கே பரவியது.

இலங்கையில் அந்த ஆண்டு ஏற்பட்ட கலக்கத்துக்குத் தனிக் காரணம் உண்டு. அந்தத் தீவு ஒரு பூஞ்சையிடம் ஏற்கெனவே ஒரு முறை முழுதாகத் தோற்றிருந்தது. மலையகத்தின் முதல் பெருந்தோட்டப் பயிர் தேயிலை அல்ல, கோப்பி. தமிழ்நாட்டிலிருந்து கூலிகளாக நடத்திக்கொண்டு போகப்பட்டவர்கள் முதலில் இறங்கியது கோப்பிக் காட்டில்தான். 1869-ல் கோப்பி இலையின் அடிப்பக்கத்தில் ஆரஞ்சுப் பொடி தென்பட்டது. அது இலைத்துரு நோய். இருபது ஆண்டுகளுக்குள் கோப்பித் தோட்டங்கள் ஒழிந்தன. இங்கிலாந்திலிருந்து வந்த மார்ஷல் வார்ட் 1880களின் தொடக்கத்தில் அந்தப் பூஞ்சையின் வாழ்க்கையைத் துல்லியமாக எழுதிக்காட்டினார். காப்பாற்றத்தான் கையில் ஒன்றும் இல்லை. ஜேம்ஸ் டெய்லர் 1867-ல் லூல்கந்துரவில் பத்தொன்பது ஏக்கரில் நட்டிருந்த தேயிலை, கோப்பி செத்த மண்ணில் ஏறி அமர்ந்தது. அப்படி வந்த தேயிலையைத் தேடி எண்பது ஆண்டுகள் கழித்து இன்னொரு பூஞ்சை வந்து நின்றபோது, பழைய கணக்கு யாருக்கும் மறந்திருக்கவில்லை.

இந்த முறை தோற்கவில்லை. இடைப்பட்ட காலத்தில் உலகத்துக்குத் தாமிரம் கிடைத்திருந்தது. 1885-ல் பிரான்சின் போர்டோ பகுதியில் மில்லார்டே என்ற பேராசிரியர், மயில்துத்தமும் சுண்ணாம்பும் கலந்த கலவை திராட்சை இலையைப் பூஞ்சையிடமிருந்து காக்கிறது என்று வெளியிட்டார். இலங்கைக் கோப்பிக்கு அது சில ஆண்டுகள் தாமதம். 1946-க்குப் பிறகு, தலவாக்கலைக்கு அருகே செயின்ட் கூம்ஸ் தோட்டத்தில் இருந்த தேயிலை ஆராய்ச்சி நிலையத்தில் கேட், லூஸ் முதலியோர் பூஞ்சையின் வாழ்க்கையை நாள் கணக்காகப் பின்தொடர்ந்து பதிவு செய்தார்கள். தாமிரத்தைத் தூளாகத் தூவினார்கள், பிறகு தண்ணீரில் கலந்து அடித்தார்கள். பலித்தது.

தாமிரத்தின் வேலை எளிது, குறையும் எளிது. இலைமேல் படிந்த தாமிர உப்பு, மழை ஈரத்தில் சிறிது சிறிதாகக் கரைந்து, முளைக்க வரும் வித்தைக் கொல்லும். ஆனால் அது தோலுக்கு மேல் நிற்கும் காவல் மட்டுமே. உள்ளே புகுந்துவிட்ட பூஞ்சையை ஒன்றும் செய்யாது. அதைவிடப் பெரிய சிக்கல், நேற்று மருந்தடித்த செடியில் இன்று விரியும் இலைக்குக் காவல் இல்லை என்பது. கொழுந்து நிற்காமல் வந்துகொண்டே இருப்பதால் மருந்தும் நிற்காமல் அடிக்கப்பட வேண்டும். தென்னிந்தியாவில் தென்மேற்குப் பருவமழை மாதங்களில் ஐந்து நாளுக்கொரு முறை அடிக்கச் சொன்ன காலம் உண்டு. ஆனைமலை மழையில் முதுகில் தெளிப்பான் சுமந்து, வழுக்கும் சரிவில், ஐந்து நாளுக்கொரு முறை. பரிந்துரையை எழுதுவது சுலபம்.

தேயிலையும் தாமிரமும் சேர்வதில் ஒரு வேடிக்கை இருக்கிறது. பச்சைக் கொழுந்து கறுப்புத் தேயிலையாவது, கசக்கிய இலையில் ஒரு நொதி வேலை செய்வதால். அந்த நொதியின் மையத்தில் இருப்பது தாமிர அணு. இன்றைய மலாவியில், அது நியாசாலாந்து என்று அழைக்கப்பட்ட நாளில், சில தோட்டத்துக் கொழுந்து எவ்வளவு கசக்கினாலும் நிறம் மாறாமல் கிடந்தது. மண்ணில் தாமிரக் குறைவு என்று கண்டுபிடித்து, இலைக்குத் தாமிரம் தெளித்ததும் சரியாகிவிட்டது. பூஞ்சைக்கு நஞ்சான அதே உலோகம், தேநீரின் நிறத்துக்குத் தாய். அதற்காகத் தாமிரத்தை வாரிக் கொட்டலாம் என்று பொருளில்லை. நாம் பறிக்கும் பகுதியிலேயே மருந்து படிவதால், எச்சம் எவ்வளவு இருக்கலாம் என்ற வரம்பு எல்லா மருந்துக்கும் உண்டு. 1960களில் தென்னிந்தியத் தோட்டக்காரர் சங்கமான உபாசியின் ஆய்வாளர் சி. எஸ். வெங்கட ராம், நிக்கல் குளோரைடு உள்ளே புகுந்த பூஞ்சையையும் அடக்குவதைக் காட்டினார். தாமிரமும் நிக்கலும் ஏக்கருக்கு மிகச் சிறிய அளவில் கலந்து அடிப்பது நெடுங்காலம் தென்னிந்திய வழக்கமாக இருந்தது. நிக்கல் பின்னர் விலக்கப்பட்டது. ஹெக்சகோனசோல், புரோபிகோனசோல் போன்ற, இலைக்குள் ஊடுருவும் மருந்துகள் அந்த இடத்துக்கு வந்தன.

மருந்தைவிட எனக்குப் பிடித்தது இந்தக் கதையின் வெயில் அத்தியாயம். வித்து வெயிலில் சாகும் என்றால், எவ்வளவு வெயிலுக்கு எவ்வளவு சாகும்? இதை அளந்து பார்த்தவர்கள் இலங்கையில் இருந்தார்கள். விஸ்ஸர், சண்முகநாதன், சபாநாயகம் மூவரும் 1961-ல் வெளியிட்ட ஆய்வில், மழைக் கணக்கைவிட வெயில் கணக்கே நோயை நன்றாக முன்னறிவிக்கிறது என்று தெரிந்தது. ஐந்து நாட்களின் சராசரியாக, நாளொன்றுக்கு ஏறத்தாழ நான்கு மணி நேரம் வெயில் இருந்தால் நோய் தானே இறங்கிவிடும்; மருந்தடிக்கத் தேவையில்லை. பின்னர் கெர், ரொட்ரிகோ இருவரும் காற்றில் பிடித்த வித்துகளின் எண்ணிக்கையையும் வெயில் நேரத்தையும் சேர்த்து, மூன்று வாரம் கழித்து நோய் எவ்வளவு இருக்கும் என்று சொல்லும் சூத்திரமே உருவாக்கினார்கள். வெயில்மானியின் கண்ணாடிக் கோளத்தின் வழியாக வெயில் அட்டையில் சுட்டெரித்த கோட்டின் நீளத்தைப் பார்த்து, இன்று தெளிப்பானை எடுப்பதா வேண்டாமா என்று தீர்மானிக்கலாம். கணினிக்கு முந்தைய காலத்தில் பயிர் நோய்க்கு இவ்வளவு சிக்கனமான முன்னறிவிப்பு அதிகம் இல்லை. மருந்துச் செலவு மட்டுமல்ல, மருந்தைச் சுவாசிக்கும் ஆளின் நாட்களும் குறைந்திருக்க வேண்டிய விஷயம் இது.

வெயில் என்றதும் பேச்சு நிழல்மரத்துக்கு வருகிறது. தேயிலைக்கு நடுவே வரிசையாக நிற்கும் சில்வர் ஓக் மரங்கள் கோடையில் செடியைக் காக்கின்றன. மழைக்காலத்திலோ அதே நிழல் இலை உலராமல் பார்த்துக்கொள்கிறது, பூஞ்சைக்குக் குடை பிடிக்கிறது. எனவே மழை தொடங்குமுன் கிளை கழித்துவிடுவது நீலகிரியிலும் வால்பாறையிலும் பழக்கம். நோய் மலைக்கு மலை நாட்காட்டி மாற்றுகிறது. கூடலூர், வால்பாறை, மூணாறு பக்கம் ஜூன் முதல் செப்டம்பர் வரை. குன்னூர், கோத்தகிரிக்கு வடகிழக்குப் பருவம். இலங்கையிலும் ஹட்டன், தலவாக்கலைச் சரிவு ஒரு காலத்தில் அவதிப்பட, பதுளைப் பக்கம் வேறொரு காலத்தில் அவதிப்படுகிறது. தாழ்நாட்டுத் தேயிலைக்கு, வெப்பத்தின் புண்ணியத்தில், பெரிய தொல்லை கிடையாது.

மிக ஆபத்தான காலம் கவ்வாத்துக்குப் பின் வருவது. சில ஆண்டுகளுக்கு ஒரு முறை புதரை வெட்டிக் குச்சியாக விடுவார்கள். பிறகு துளிர்க்கும் செடியில் இருப்பதெல்லாம் கொழுந்து. தடித்த தோலுள்ள முற்றிய இலை ஒன்றுகூட இல்லை. அந்த நேரம் மழையோடு சேர்ந்துவிட்டால் துளிர் அத்தனையும் கருகும். வேரில் சேமித்த மாவுச்சத்தைச் செலவழித்துத் துளிர்த்த செடி, மீண்டும் மீண்டும் துளிர்க்க முயன்று ஓய்ந்துபோய் சாவதும் உண்டு. வெயில் காலத்தில் துளிர் முற்றிவிடுமாறு கவ்வாத்து நாளைத் தள்ளிவைக்கும் கணக்கு இதிலிருந்து பிறந்தது. தவறணை என்னும் நாற்றங்காலிலும் புது நடவிலும் இதே நிலைதான்.

பறிப்பதுகூட ஒரு மருந்து. தொற்றிய இலையில் கொப்புளம் வெளுத்து வித்து விடுவதற்குள் அந்தக் கொழுந்து கூடைக்குப் போய்விட்டால், ஒரு தலைமுறைப் பூஞ்சை தொழிற்சாலையோடு முடிந்தது. ஆகவே மழைக்காலத்தில் பறிப்புச் சுற்றைக் குறைத்து, பத்து நாளை ஏழு நாளாக்கச் சொல்கிறார்கள். கோப்பியைவிடத் தேயிலை நன்றாகத் தாக்குப்பிடித்ததற்கு இதுவும் ஒரு காரணமென்று நான் நினைக்கிறேன். கோப்பியில் நோய் கண்ட இலை செடியிலேயே நின்று மேலும் மேலும் பொடியைத் தூவிக்கொண்டிருந்தது. தேயிலையில் நோயின் உணவையே ஆயிரக்கணக்கான பெண்களின் விரல்கள் வாரம் தோறும் அகற்றிக்கொண்டிருந்தன. ஆனால் பறிக்கும் பருவம் வராத சின்ன அரும்புகள் செடியில்தான் நிற்கும், அவற்றில் இருக்கும் தொற்று அடுத்த சுற்றுக்கு முன் வெடித்துவிடும். மருந்து இல்லாமல் விட்டால் மகசூலில் பாதி வரை போய்விடும் என்று தென்னிந்தியச் சோதனைகள் காட்டியிருக்கின்றன. அதை நிறுவையில் உணர்பவர் கொழுந்து பறிப்பவர். ஒடிந்த தண்டும் ஓட்டை இலையும் எடை தராது. நாளுக்கு இத்தனை கிலோ என்ற கணக்கு மட்டும் நோய்க்காகக் குறைவதில்லை. எடை சேராத நாளில் மலையகத்தில் விழுவது அரைப்பேர், அதாவது அரைநாள் கூலி.

கொப்புள இலை கலந்தால் தேநீரின் தரமும் இறங்குகிறது. தேநீரின் துவர்ப்புக்கும் நிறத்துக்கும் மூலமான கேட்டச்சின்கள் நோயுற்ற இலையில் குறைந்துவிடுகின்றன. இந்தக் கேட்டச்சின்கள் நமக்காக உண்டானவை அல்ல. பூச்சியையும் பூஞ்சையையும் தடுக்கச் செடி தனக்காகச் சமைத்துக்கொண்டவை, கஃபீனும் அப்படியே. இளம் இலைக்குத் தடித்த தோல் இல்லாததால் அதன் காவல் பெரும்பாலும் ரசாயனக் காவல், ஆகவேதான் கொழுந்தில் அவை முற்றிய இலையைவிட அதிகம். நாம் கொழுந்தைத் தேடுவதற்கும் அதுவே காரணம். தோலில் பலவீனமான இலை, சாரத்தில் பலமான இலை. இலங்கையில் உருவான டிஆர்ஐ 2043 என்ற ரகம் இந்த நோயை நன்றாகத் தாங்குகிறது. அதன் கொழுந்தில் ஊதாச் சாயலும் அடர்ந்த மென்மயிரும் உண்டு. தென்னிந்தியாவில் எஸ்ஏ 6 தாங்கும், டிஇஎஸ் 34 தாங்காது. தாங்கும் ரகத்தையே எங்கும் நடலாமே என்று கேட்கலாம். தேயிலைச் செடி பல பத்தாண்டு வாழும். பிடுங்கி நட்டால் பல ஆண்டு வருமானம் நிற்கும். விளைச்சல், சுவை, வறட்சி என்று ரகத்தைத் தேர்வு செய்ய நோயைத் தவிரவும் அளவுகோல்கள் பல. அதனால் மலைகளில் இன்றும் நோய்க்கு எளிதில் இரையாகும் செடிகள்தான் பரந்து கிடக்கின்றன.

ஆப்பிரிக்காவுக்கு இந்தக் கவலையே இல்லை. உலகச் சந்தையில் முன்வரிசையில் நிற்கும் கென்யாவில் கொப்புள நோய் கிடையாது, மலாவியிலும் கிடையாது. உயரம், மழை, மூடுபனி, ஆண்டு முழுதும் கொழுந்து என்று பூஞ்சைக்கு வேண்டிய எல்லாம் அங்கே இருக்கிறது. இல்லாதது பூஞ்சை மட்டுமே. விதை அதன் வீடல்ல என்பதால், விதையாகக் கடல் கடந்த தேயிலையோடு அது போகவில்லை. பிறகும் வெயிலடிக்கும் கடல்வெளி காவல் நிற்கிறது. உயிருள்ள ஒரு தேயிலை நாற்றைச் சோதனையில்லாமல் விமானத்தில் கொண்டுபோவதுதான் அதற்குத் திறந்திருக்கும் வாசல். 1946-ஐ அறிந்தவர்கள் அந்த வாசலைப் பூட்டிவைப்பதில் காட்டும் கண்டிப்பு நியாயமானது.

சீனாவில் ஹுனான், ஜியாங்சி மலைகளில் தேயிலைக்கு உறவான இன்னொரு மரம் உண்டு. காமெலியா ஓலிஃபெரா என்று பெயர்; அதன் விதையை ஆட்டிச் சமையல் எண்ணெய் எடுக்கிறார்கள். வசந்த காலத்தில் அதையும் ஒரு பூஞ்சை தொற்றும். எக்சோபசிடியம் கிராசிலே, நம் கொப்புளப் பூஞ்சையின் உடன்பிறப்பு. அந்த மரத்தின் இளம் இலையும் அதே முறையில் பருத்து, சதைப்பற்றோடு வெளிறி நிற்கும். எண்ணெய்க்காக வளர்க்கும் மரத்தில் நான்கு இலை பருத்தால் யாருக்கு நஷ்டம்? மேல்தோல் உரிந்ததும் கிராமத்துப் பிள்ளைகள் மரமேறி அந்தக் கொப்புளங்களைப் பறித்துப் பச்சையாகவே தின்கிறார்கள். நீர்ச்சத்தோடு லேசாக இனிக்குமாம்.